கைக்கு அகப்பட்டு மறைந்த கட்டி

போன வாரம் இளம் டாக்டர்களான உங்களில் ஒருவர் என் வீட்டுக்கு வந்திருந்தார். பேச்சுவாக்கில், "குடல் செருகல் குழந்தைகளுக்குத்தானே வரும்? பெரியவர்களுக்கு வந்து நீங்கள் பார்த்திருக்கிறீர்களா மேடம்?" என்று கேட்டார். ஒன்றிரண்டு பார்த்திருக்கிறேன் என்று சொல்லி, காப்பி கொடுத்து அனுப்பிவிட்டேன். அவர் போன பிறகு வெகு நேரம் எனக்கு வேறு வேலை ஓடவில்லை. அன்று சொல்லாமல் விட்டதை இங்கே எழுதுகிறேன். எந்த நூலால் தைத்தேன், எத்தனை அடுக்குத் தையல் என்பதெல்லாம் உங்கள் புத்தகங்களிலேயே இருக்கிறது. நான் சொல்ல வருவது, பயந்து நடுங்கிக்கொண்டே ஒரு முடிவை எடுக்க வேண்டிவந்த ஒரு நாளைப் பற்றி.

யுத்த காலம். தூத்துக்குடியில் ஓர் ஆஸ்பத்திரியின் பெண்கள் வார்டில் நான் வேலைக்குச் சேர்ந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. கொழும்பில் குண்டு விழுந்தது என்ற செய்தி வந்ததும் ஊர் காலியாகத் தொடங்கியது. கடலுக்கு அந்தப் பக்கம் விழுந்தது நாளைக்கு இந்தப் பக்கம் விழ எவ்வளவு நேரமாகும் என்றுதான் எல்லோரும் பேசினார்கள். பெட்டி படுக்கை, கோழி, ஆட்டுக்குட்டி என்று ஏற்றிக்கொண்டு மாட்டு வண்டிகள் சாயர்புரம் பக்கமாகப் போய்க்கொண்டே இருந்தன. ரயிலடியில் நிற்க இடமில்லை. துறைமுகத்தில் தோணிகள் பாய் இறக்கிக் கிடந்தன. எங்கள் ஆஸ்பத்திரியிலும் நடக்கக்கூடிய நோயாளிகளை எல்லாம் வீட்டுக்கு அனுப்பிவிடும்படி உத்தரவு வந்திருந்தது. சர்ஜன் லீவில் போனவர் திரும்பவில்லை. மிஞ்சியது, ஆஸ்பத்திரியின் பொறுப்பில் இருந்த பெரிய டாக்டரும் நானும்தான். அவருக்கு ஐம்பது வயதுக்கு மேல். குடும்பத்தை உள்நாட்டுக்கு அனுப்பிவிட்டுத் தனியாக இருந்தார்.

அந்தச் சமயத்தில்தான் லூர்தம்மாள் வந்து சேர்ந்தாள். கடற்கரைத் தெருக்காரி. ஐந்து மாதம் கர்ப்பம். இரண்டாவது பிள்ளை. மூத்தவனை ஏற்கனவே தன் தாயாரோடு சாயர்புரத்துக்கு அனுப்பியிருந்தாள். புருஷன் சவரிமுத்து சங்கு குளிப்பவர். கடலுக்குப் போக முடியாததால் ஆஸ்பத்திரி வராந்தாவிலேயே இருந்தார். வயிற்று வலி, ஓயாத வாந்தி. சில வாரங்களாகவே விட்டு விட்டு வலித்ததாம். மசக்கை என்று சொல்லி யாரோ கஷாயம் கொடுத்திருந்தார்கள். வார்டிலும் அதே பேர்தான் நடமாடியது. ஐந்து மாதத்தில் மசக்கை இவ்வளவு கடுமையாக இருக்குமா என்று எனக்கு உறுத்தியது. ஆனால் அவளுக்கு அதைத் தவிர வேறு என்ன என்று என்னால் சொல்லவும் முடியவில்லை.

"இங்கன ஒண்ணு உருளுது டாக்டரம்மா" என்றாள், தொப்புளுக்கு வலப்பக்கம் விரலை வைத்து. "வலி வரும்போது உருளும். பொறவு காணாமப் போவுது."

நான் கை வைத்தபோதெல்லாம் ஒன்றும் இல்லை. இவளாக நினைத்துக்கொள்கிறாள் என்றே எண்ணினேன். பிறகு ஒருமுறை, கையை எடுக்கப் போகும் நேரத்தில் அவள் முகம் சுருங்கியது. என் விரல்களுக்கு அடியில் ஏதோ திரண்டு எழுந்தது. வாழைக்காய் நீளத்துக்கு, வழவழப்பாக, கெட்டியாக. அவள் பல்லைக் கடித்துக்கொண்டு என் மணிக்கட்டைப் பிடித்தாள். கொஞ்ச நேரத்தில் வலி விட்டது. என் கைக்கு அடியிலேயே அந்தக் கட்டி கரைந்து போனது. இருந்த இடத்தில் வெறும் மெத்தென்ற வயிறு.

கட்டி கைக்கு அகப்பட்டபோது எனக்குப் பயம் வரவில்லை. அது மறைந்தபோதுதான் வந்தது.

பெரிய டாக்டரை அழைத்து வந்தேன். அவர் பொறுமையாக வயிறு முழுவதும் பார்த்தார். ஒன்றும் அகப்படவில்லை. வராந்தாவுக்கு வந்து குரலைத் தாழ்த்திக்கொண்டு, "கர்ப்பப்பை இறுகியிருக்கும். கைக்குக் கட்டி மாதிரிதான் தெரியும். நீங்க பயந்துபோயிருக்கீங்க. உங்களை மட்டும் சொல்லல, நாம எல்லாருமே பயந்துதான் இருக்கோம்" என்றார்.

அவர் சொன்னதில் தப்பு இல்லை. கர்ப்பப்பையும் அப்படித்தான் இறுகும், தளரும். அதற்குள் லூர்தம்மாளுக்கு வலி அடியோடு விட்டுவிட்டது. பார்லித் தண்ணீர் குடித்தாள். வாந்தி இல்லை. எழுந்து உட்கார்ந்து தலை வாரிக்கொண்டாள். மறுநாள் காலையில் சவரிமுத்து வந்து நின்றார்.

"டாக்டரம்மா, வண்டி வந்துட்டு. வலி விட்டுட்டுன்னு சொல்லுதா. கூட்டிட்டுப் போவட்டா? பிள்ளை அங்கன தேடி அழுதானாம்."

எல்லோருக்கும் நல்லது என்று தோன்றிய முடிவு அதுதான். உத்தரவும் அப்படித்தான். நோயாளிக்கும் அதுவே ஆசை. பெரிய டாக்டரும் சரி என்றுதான் சொல்லியிருப்பார். எனக்கும் ஒரு கவலை குறையும். எதைச் சொல்லி நிறுத்துவது என்று தெரியாமல் நின்றேன். வலி ஏன் வந்தது என்று எனக்குத் தெரியாது. அது ஏன் போனது என்றும் தெரியாது. என் கையில் இருந்தது அவ்வளவுதான்.

"இன்னும் கொஞ்ச நேரம் இருக்கட்டும்" என்றேன்.

"எதுக்கும்மா?"

"எனக்கு மனசு கேக்கல."

அவர் திரும்பி நடந்தார். வண்டிக்காரரிடம் போய் ஏதோ சொன்னார். வண்டி வேறு ஆட்களை ஏற்றிக்கொண்டு புறப்பட்டுவிட்டது. இவளுக்கு ஒன்றும் இல்லை என்றால் அந்தக் குடும்பத்தைக் காரணமில்லாமல் இங்கே பிடித்து வைத்திருக்கிறேன். ஒன்று இருக்கிறது என்றால் அது என்ன என்று எனக்குத் தெரியாது.

லூர்தம்மாளின் கட்டில் ஓரத்தில் ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துவிட்டேன். அந்த நேரத்தில் என் அண்ணனும் ஆறுமுகநேரியிலிருந்து வந்து வார்டு வாசலில் நின்றான். "ஏளா, கிளம்பு. அம்மா அங்கன சோறு தண்ணி இல்லாம கெடக்கா. நீ இங்கன உக்காந்துட்டு என்ன செய்யுத?" என்று கத்தினான். வர முடியாது என்றேன். வெயிலில் வந்த களைப்போடு வாசல் வேப்பமரத்தடியில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டே போனான்.

வெயில் ஏறிய பிறகு வலி திரும்பியது. இம்முறை என் இரண்டு கைகளும் தயாராக இருந்தன. இடது கையைக் கர்ப்பப்பையின் மேல் வைத்திருந்தேன். வலது கை, அவள் காட்டிய இடத்தில். வலக்கைக்கு அடியில் கட்டி எழுந்து இறுகியது. இடக்கைக்கு அடியில் கர்ப்பப்பை அப்போதும் தளர்ந்தே கிடந்தது. உங்களுக்கு நான் சொல்லக்கூடிய வைத்தியம் இதில் ஒன்று இருக்கிறது என்றால் இதுதான். ஒரு கையால் பார்த்தால் இரண்டும் ஒன்றாகத் தெரிந்திருக்கும். ஏற்கனவே வைத்த பேரை ஒப்புக்கொள்வதற்கு முன்னால், அந்தப் பேர் பொய்யாக இருந்தால் எது வேறாக இருக்கும் என்று பாருங்கள். அதைத்தான் என் இடக்கை சொன்னது.

ஆசனவாயில் விரல் வைத்துச் சோதித்தபோது ரத்தம் கலந்த சளி வந்தது. பெரிய டாக்டரை ஓடிப்போய் அழைத்தேன். இந்தத் தடவை கட்டி அவர் கைக்கும் அகப்பட்டது.

"குடல் செருகியிருக்கு" என்றார். "பெரியவங்களுக்கு இது சும்மா வராதே."

அதன் அர்த்தம் எங்கள் இரண்டு பேருக்கும் தெரிந்திருந்தது. சட்டையை அவசரமாகக் கழற்றும்போது அதன் கை உள்ளே மடங்கிச் செருகிக்கொள்வது போலத்தான் குடல் செருகல். குழந்தைகளுக்குக் காரணமே இல்லாமல் வரும். வளர்ந்த ஒருவருக்கு வந்தால், குடலுக்குள் ஏதோ ஒன்று இருந்துகொண்டு அதை இழுத்துப் போகிறது. பெரும்பாலும் ஒரு கட்டி. சிறுகுடலில் கட்டி என்பதே அபூர்வம். அது நல்ல கட்டியா கெட்ட கட்டியா என்று வெளியிலிருந்து சொல்ல வழியே இல்லை.

"பாளையங்கோட்டை ஆஸ்பத்திரிக்கு அனுப்பிடலாமா?" என்றேன். கேட்கும்போதே, அவர் ஆம் என்று சொல்லிவிட வேண்டும் என்று என் மனம் கெஞ்சியது.

அவர் ஜன்னல் வழியாக ரோட்டைப் பார்த்தார். வண்டிக்குப் பின்னால் வண்டியாக நின்றுகொண்டிருந்தது. "இந்தக் கூட்டத்துல எப்பப் போய்ச் சேர? நான் கத்தி எடுத்து வருஷக்கணக்காச்சு. நான் மயக்கம் கொடுக்கேன். நீங்க திறங்க" என்றார்.

நான் அதுவரை சிசேரியன் செய்திருந்தேன். குடலை வெட்டி இணைப்பதைச் சென்னையில் பக்கத்தில் நின்று பார்த்திருந்தேன். வயிறு மூடாமல் விலக்கிப் பிடிக்கும் கொக்கியைப் பிடித்திருந்தேன். அவ்வளவுதான்.

சவரிமுத்துவிடம் போய்ச் சொன்னேன். "ரெண்டு உசிரும் தங்குமா?" என்று கேட்டார்.

"தெரியாது. திறக்காம விட்டா ரெண்டும் தங்காது."

அவர் சுவரில் சாய்ந்துகொண்டார். தண்ணீருக்குள் இருப்பவர் போல மூச்சை அடக்கிக்கொண்டு நின்றார். பிறகு, "கடலுக்கு அடியில சுறாவப் பாத்திருக்கேன் டாக்டரம்மா. என்ன செய்யணும்னு எனக்குத் தெரியும். இங்கன எனக்கு ஒண்ணும் தெரியலையே" என்றார். "செய்யுங்க. மாதா உங்க கூட நிப்பா."

லூர்தம்மாளிடம் சொல்வதுதான் கடினமாக இருந்தது. எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள். பிறகு என்னை நேராகப் பார்த்தாள்.

"உங்களுக்குப் பயமா இருக்கா டாக்டரம்மா?"

பொய் சொல்லலாம் என்று நினைத்தேன். வாய் வரவில்லை. "இருக்கு" என்றேன்.

"எனக்கும்தான்" என்றாள். "அப்ப ரெண்டு பேருமே சூதானமா இருப்போம்."

ஆபரேஷன் அறையில் பெரிய டாக்டர் தலைமாட்டில் ஈதரோடு உட்கார்ந்தார். எனக்கு எதிரே எஸ்தர் என்ற நர்ஸ் நின்றாள். நாசரேத்துப் பெண், என் வயதுதான். கருவிகளை எடுத்துக்கொடுக்க இன்னொருவர். வயிற்றைத் திறந்ததும் கர்ப்பப்பையை ஈரத் துணியால் மூடி ஒதுக்கிவைத்தேன். அதைத் தொடவே கூசியது. அதன் பக்கத்தில், சிறுகுடல் தன்னைத்தானே விழுங்கியது போல, ஊதாக் கறுப்பாகக் கிடந்தது.

இழுக்கக் கூடாது, பின்னாலிருந்து பிதுக்க வேண்டும் என்பது மட்டும் நினைவில் இருந்தது. கொஞ்சம் கொஞ்சமாகப் பிதுக்கினேன். குடல் வெளியே வந்தது. கடைசியாக, குடலுக்குள் எலுமிச்சை அளவில் ஒரு கட்டி என் விரல்களுக்கு இடையில் நழுவியது. இதுதான். இத்தனை வாரங்களாகக் குடலை இழுத்து இழுத்து விட்டது இதுதான். சுற்றிலும் நெறிக் கட்டி ஏதாவது இருக்கிறதா என்று தடவினேன். கையை மேலே கொண்டுபோய் ஈரலைத் தடவினேன். ஒன்றும் தட்டுப்படவில்லை. ஆனால் இது கெட்ட கட்டி இல்லை என்று அதை வைத்து என்ன நிச்சயம்?

சுடுதண்ணீரில் நனைத்த துணியைக் குடலின் மேல் போட்டுக் காத்திருந்தோம். கறுத்திருந்த இடத்தில் பாதிக்குமேல் சிவந்து வந்தது. கட்டியை ஒட்டிய ஒரு சாண் மட்டும் சிவக்கவே இல்லை, அங்கே ரத்தம் திரும்பவில்லை.

இங்கேதான் ஆசை வந்தது. செருகலை எடுத்துவிட்டேன். வழி திறந்துவிட்டது. கர்ப்பிணி. இப்படியே மூடிவிட்டால் என்ன? அந்தச் சாண் குடலும் நேரமானால் சிவந்துவிடாதா? கட்டியை யாராவது கைதேர்ந்தவர் பிரசவத்துக்குப் பிறகு பார்த்துக்கொள்ளட்டும். இந்த எண்ணம் நியாயத்தின் குரலில்தான் பேசியது. பயம் எப்போதும் அப்படித்தான் பேசும், அதனால்தான் அதை அடையாளம் காண்பது சிரமம். நான் என்னையே ஒரு கேள்வி கேட்டுக்கொண்டேன். பக்கத்தில் ஒரு நல்ல சர்ஜன் நின்றிருந்தால் இதை வெட்டச் சொல்லியிருப்பேனா? சொல்லியிருப்பேன். அப்படியானால் மூடிவிடலாம் என்பது லூர்தம்மாளுக்காக இல்லை. எனக்காக.

கவ்விகளைப் போட்டு வெட்டினேன். கட்டியோடு அந்தக் குடல் துண்டு எஸ்தரின் தட்டில் விழுந்தது. இரண்டு முனைகளும் திறந்து கிடந்தன. முதல் தையலுக்கு ஊசியை எடுத்தேன். சங்கு ஊத ஆரம்பித்தது.

விமான அபாயச் சங்கு. ஏறி ஏறி இறங்கும் அந்த ஓலத்தை நீங்கள் கேட்டிருக்க மாட்டீர்கள். சங்கு ஊதினால் எல்லோரும் பதுங்கு குழிக்குப் போக வேண்டும். வராந்தாவில் ஆட்கள் ஓடும் சத்தம், கதவுகள் அறையும் சத்தம். கருவி எடுத்துக் கொடுத்தவர் "எனக்குப் பிள்ளைங்க இருக்கு" என்று சொல்லிக்கொண்டே போய்விட்டார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். எஸ்தரின் கண்ணிலிருந்து நீர் வழிந்து முகமூடியை நனைத்தது. அவள் கை மட்டும் குடலைப் பிடித்த இடத்திலிருந்து அசையவில்லை. தலைக்கு மேலே ஓட்டுக் கூரை. அது விழுந்தால் இவள் வயிற்றில்தான் விழும் என்று தோன்றியது. கூரையையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

"கூரையைப் பாக்காதீங்க" என்றார் பெரிய டாக்டர். அவர் குரல் நடுங்கியது. ஆனால் ஈதர் சொட்டுச் சொட்டாக, ஒரே சீராக விழுந்துகொண்டிருந்தது. "நாடி நல்லா இருக்கு. மூச்சு நல்லா இருக்கு. நான் எங்கயும் போகல. அடுத்த தையலை மட்டும் பாருங்க."

அடுத்த தையலைப் பார்த்தேன். பிறகு அதற்கு அடுத்தது. சங்கு எப்போது நின்றது என்று எனக்குத் தெரியாது. குண்டு எதுவும் விழவில்லை. வயிற்றை மூடியபோது வெளியே காக்கைகள் கத்திக்கொண்டிருந்தன. பெரிய டாக்டர் மரக்குழலை எடுத்து அவள் வயிற்றில் வைத்துக் காதைக் கொடுத்தார். வெகு நேரம் கேட்டார். தலையை நிமிர்த்தி, "பிள்ளைக்கு இதயம் துடிக்குது" என்றார்.

தட்டில் கிடந்த கட்டியை வெட்டிப் பார்த்தேன். உள்ளே மஞ்சளாக, வெண்ணெய் போல இருந்தது. வெறும் கொழுப்புக் கட்டி. சென்னையில் சோதித்தவர்களும் பிற்பாடு அதையே சொன்னார்கள். முதுகிலோ தோளிலோ வந்திருந்தால் அதை வைத்துக்கொண்டே அவள் கிழவியாகியிருப்பாள். குடலுக்குள் வந்ததால் கொல்லப் பார்த்தது. "இவ்வளவுதானா?" என்றாள் எஸ்தர். சொல்லிவிட்டு அங்கேயே தரையில் உட்கார்ந்து அழுதாள்.

அதோடு முடிந்தது என்று நினைக்காதீர்கள். அதன் பிறகு வந்த நாட்களில்தான் எனக்கு அதிகப் பயம். வயிறு உப்பியது. காதை வைத்துக் கேட்டால் குடலில் ஒரு சத்தமும் இல்லை. தையல் விட்டிருக்குமோ என்று ஒவ்வொரு தடவை நாடி பிடிக்கும்போதும் என் நாடி ஓடியது. நடுவில் கர்ப்பப்பை வேறு இறுகத் தொடங்கியது. மருந்து கொடுத்துப் படுக்க வைத்தோம். அது அடங்கியது. நான் சாப்பிட உட்கார்ந்தால் அவள் உதடு காய்ந்து கிடப்பது நினைவுக்கு வரும், எழுந்துவிடுவேன். குடல் விழித்துக்கொண்டதற்கு ஒரே அடையாளம் காற்றுப் பிரிவது. அது நடந்தால் உடனே எனக்குச் சொல்ல வேண்டும் என்று சவரிமுத்துவிடம் திரும்பத் திரும்பச் சொல்லியிருந்தேன்.

ஒரு நாள் காலை நானும் பெரிய டாக்டரும் ஆபீஸ் அறை வாசலில் நின்றுகொண்டிருந்தோம். வார்டுப் பக்கத்திலிருந்து சவரிமுத்து தலை கலைந்து ஓடி வந்தார்.

"போயிட்டு! டாக்டரம்மா, போயிட்டு!"

கதவு நிலையைப் பிடித்துக்கொண்டேன். பெரிய டாக்டர் கண்ணை மூடி, "முருகா" என்றார். இறைக்க இறைக்க எங்கள் முன்னால் வந்து நின்ற அந்த மனுஷன் முகத்தில் சிரிப்பு இருந்தது. எனக்கு அது புரியவே இல்லை.

"காத்து!" என்றார். "நீங்க சொன்னீங்களே, காத்துப் போயிட்டு டாக்டரம்மா! நல்லா சத்தமா!"

பெரிய டாக்டர் அப்படியே படியில் உட்கார்ந்து, முகத்தைக் கையால் மூடிக்கொண்டார். தோள் குலுங்கியது. சிரித்தாரா அழுதாரா என்று நான் பார்க்கவில்லை. ஓடினேன்.

லூர்தம்மாள் போர்வையைத் தலைக்கு மேல் இழுத்து மூடியிருந்தாள். "இதப் போயி ஊரக் கூட்டிச் சொல்லுதாரே, வெக்கங்கெட்ட மனுசன்" என்றாள் உள்ளிருந்து. போர்வையை விலக்கி வயிற்றில் கை வைத்தேன். மெத்தென்று இருந்தது. காதுக் குழாயை வைத்துக் கேட்டேன். குடல் கடகடவென்று பேசிக்கொண்டிருந்தது. அதைவிட இனிமையான சத்தத்தை நான் கேட்டதில்லை.

ஆவணியில் அதே வார்டில் அவளுக்குப் பெண் பிறந்தது, தாயும் பிள்ளையும் சுகமாக வீட்டுக்குப் போனார்கள். ஆனால் அவளை நினைத்தால் எனக்கு முதலில் கண்முன் வருவது காற்றுப் பிரிந்த அந்தக் காலை நேரம்தான். பார்லித் தண்ணீரைக் கரண்டியில் எடுத்து அவள் வாயருகே கொண்டுபோனேன். எஸ்தரும் சவரிமுத்துவும் கட்டிலுக்கு அந்தப் பக்கம் குனிந்து நின்றார்கள். பெரிய டாக்டர் கால்மாட்டில் நின்றார். நான்கு பேரும் மூச்சு விடாமல் அவள் தொண்டையையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

லூர்தம்மாள் வாயைத் திறந்தவள் மூடிக்கொண்டாள்.

"எல்லாரும் இப்படி முழிச்சுப் பாத்தா நான் எப்படிக் குடிக்க?" என்றாள்.